புறம்போக்குக் குவாரி: நீதிமன்றம் குத்தகை வாங்கித் தருமா?

கிருஷ்ணகிரி மாவட்ட வாசகர் ஒருவரின் கேள்வி: புறம்போக்குப் பாறையில் ஜல்லிக்கல் உடைக்கக் குத்தகை கேட்டு ஆட்சியரிடம் மனு கொடுத்து மூன்று ஆண்டுகளாகியும் பதில் இல்லை; பக்கத்து ஊர்க்காரருக்கு ஏலமின்றியே கிடைத்திருக்கிறது; உயர் நீதிமன்றத்தில் உத்தரவு வாங்கினால் குத்தகை நிச்சயம் என்கிறார் ஒரு தரகர். நம்பலாமா?

நம்ப வேண்டாம். அதிகாரிக்கு உத்தரவிடக் கோரி உயர் நீதிமன்றத்தில் போடும் ரிட் மனுவில் உங்களுக்குக் கிடைக்கக்கூடியது, ஆட்சியருக்கு ‘மனுவைச் சட்டப்படி பரிசீலித்து முடிவு செய்க’ என்ற உத்தரவு மட்டுமே. தரகர்கள் அந்த ஒற்றைத் தாளைக் காட்டி, குத்தகையே கைக்கு வந்துவிட்டதுபோல மீதிப் பணத்தையும் கறந்துவிடுகிறார்கள். அடுத்த மாதம் ஆட்சியர் அலுவலகம் அதே மனுவைப் பரிசீலித்து நிராகரிக்கும்போது அவர்களுடைய தொலைபேசி அணைந்திருக்கும்.

அரசுக்குச் சொந்தமான கனிமத்தைக் குத்தகையாகப் பெறுவது எவருக்கும் உரிமையல்ல என்பதை உச்ச நீதிமன்றம் 1981இல் ஹிந்த் ஸ்டோன் வழக்கிலேயே சொல்லிவிட்டது. கருப்பு கிரானைட் எடுக்கும் குத்தகையைத் தனியாருக்குத் தருவதில்லை என்று தமிழக அரசு 1977இல் சிறு கனிமச் சலுகை விதிகளில் (கல் போன்ற கனிமங்களை எடுக்க அனுமதி தருவதற்கான விதிகள்) 8-சி பிரிவைச் சேர்த்தபோது, அதற்கு முன்பே வந்த மனுக்கள் நிலுவையில் இருந்தன. மனு கொடுத்த நாளில் இருந்த விதி செல்லாது, முடிவெடுக்கும் நாளில் இருக்கும் விதியே செல்லும் என்பது தீர்ப்பு. ஆக, அலுவலகத்தின் தாமதத்துக்கு விலை கொடுப்பவர் மனுதாரர்தான். கோப்பை உறங்கவைத்தவருக்கு ஒரு விளக்கக் கடிதம்கூடக் கேட்கப்படுவதில்லை என்பது எனக்கு இன்றும் எரிச்சலூட்டுகிறது.

பக்கத்து ஊர்க்காரரின் குவாரி பட்டா நிலத்தில் இருந்தால் அதற்கான நடைமுறையே வேறு. புறம்போக்கில்தான் என்றால், அவருக்கு விதியை மீறிக் கொடுத்ததைக் காட்டி உங்களுக்கும் அப்படியே மீறித் தரச் சொல்ல முடியாது. சமத்துவ உரிமை அதுவரை நீளாது. அரசுப் புறம்போக்கில் கல் குவாரிக்கு டெண்டருடன் கூடிய ஏலமே வழி என்பதால், ஏலத்துக்கு வராத இடத்துக்குத் தனி மனு கொடுத்துக் காத்திருப்பதில் பயனில்லை.

ஒரு நிலையில் மட்டும் வழக்குக்கு உயிர் உண்டு. ஏலத்தில் அதிகத் தொகை கேட்டிருந்தாலே போதும் என்று எண்ண வேண்டாம். ஏலம் உறுதி செய்யப்படும்வரை அதை ரத்து செய்ய அரசுக்கு அதிகாரம் உண்டு, ஆனால் அதற்கு முறையான காரணம் வேண்டும். உறுதி செய்து எழுத்தில் ஆணை வந்து, நீங்கள் பணம் கட்டி, சுரங்கத் திட்டத்துக்கும் சுற்றுச்சூழல் அனுமதிக்கும் ஒப்புதல் பெற்ற பிறகும் ஒப்பந்தப் பத்திரத்தில் கையெழுத்திடாமல் இழுத்தடித்தால், தயங்காமல் நீதிமன்றம் செல்லலாம். வாய்மொழி உறுதிக்கும் அலுவலகக் குறிப்புக்கும் அந்த மதிப்பு இல்லை. உங்கள் பெயருக்கு வந்த செயல்முறை ஆணையின் நகல் கையில் இருக்க வேண்டும்.

இப்போதைக்கு மாவட்ட அரசிதழில் வரும் ஏல அறிவிப்பைக் கவனியுங்கள். தரகரிடம் கொடுத்த முன்பணத்துக்கு ரசீது இருந்தால் அதைப் பத்திரப்படுத்துங்கள்.