தலைப்பு பாதிதான் நினைவிருக்கிறது

கேள்வி: தென்னாப்பிரிக்காவின் நேட்டால் மாகாணத் தமிழர்களின் காவடி பற்றிய ஆய்வு ஒன்றைத் தேடுகிறேன். தலைப்பில் காவடி, டர்பன், சடங்கு என்ற சொற்கள் இருந்தன. 1980 வாக்கில் வந்தது. ஆய்வுகளைத் தேடும் கூகுள் ஸ்காலர் தளத்தில் சிக்கவில்லை.
– வாசகி, சாட்ஸ்வொர்த்

பதில்: நினைவிலிருக்கும் தலைப்பை மேற்கோள் குறிக்குள் போட்டீர்களா? ஒரு சொல் பிசகினாலும் ஒன்றும் வராது. குறியை எடுத்துவிடுங்கள்.

அடுத்த வில்லங்கம் எழுத்துக்கூட்டல். காவடியை ஆங்கிலத்தில் 'கே'யில் தொடங்கி 'ஐ'யிலோ 'ஒய்'யிலோ முடிப்பார்கள். மொரிசியஸ்காரர்கள் 'சி'யில் தொடங்கி இரட்டை 'ஈ'யில் முடிப்பார்கள். ஒவ்வொன்றையும் தனித்தனியே தேடுங்கள். மாகாணத்துக்குக் குவாசூலு-நேட்டால் என்று பெயர் வந்தது 1994இல். எனவே 'நேட்டால்' போதும். ஆண்டு வடிகட்டியை 1975–1985 என்று தளர்த்தி வையுங்கள்.

அது கட்டுரையாக இல்லாமல் பட்டத்துக்கான ஆய்வேடாகவும் இருக்கலாம். டர்பன்-வெஸ்ட்வில் பல்கலைக்கழகம் 2004இல் நேட்டால் பல்கலைக்கழகத்தோடு இணைந்துவிட்டது. ஆகவே குவாசூலு-நேட்டால் பல்கலைக்கழகத்தின் ஆய்வேட்டுக் களஞ்சியத்தில் பாருங்கள். தட்டச்சுப் பிரதியை ஸ்கேன் செய்திருந்தால் கணினி எழுத்துகளைத் தப்பாகப் படித்திருக்கும். உள்ளடக்கத் தேடலை நம்பாமல் துறை, ஆண்டு வாரியாகப் புரட்டுங்கள்.

இவற்றைவிட எனக்குப் பிடித்த குறுக்குவழி: 1990க்குப் பின் இதே பொருளில் வந்த நூல் ஒன்றின் துணைநூற்பட்டியல். பழைய ஆய்வின் சரியான தலைப்பும் ஆசிரியர் பெயரும் பெரும்பாலும் அங்கேயே கிடைக்கும். பிறகு நூலகரிடம் நூலகங்களுக்கிடையேயான இரவல் கேட்கலாம்.