‘அந்தக் காலம் அப்படி’ என்றால் போதுமா?

கேள்வி: டின்டின் படக்கதையில் காங்கோ மக்களை இழிவாகக் காட்டியதாக இன்றும் குறை சொல்கிறார்கள். 1930-இல் எல்லோரும் அப்படித்தானே நினைத்தார்கள்? சிறுவர் சாகசக் கதையைப் போய் இப்படி ஆராய வேண்டுமா?

பதில்: ‘எல்லோரும்’ என்கிறீர்களே, அதில் காங்கோ மக்களைச் சேர்த்துக்கொண்டீர்களா?

பெல்ஜியத்தின் கத்தோலிக்க நாளிதழ் ஒன்றின் சிறுவர் இணைப்பில் 1929 ஜனவரியில் இளம் நிருபன் டின்டின் பிறந்தான். சோவியத் நாட்டுக்குப் போய்வந்தவனை அடுத்து அமெரிக்காவுக்கு அனுப்பவே அவனைப் படைத்த ஓவியர் ஹெர்ஜே விரும்பினார். நாளிதழை நடத்திய பாதிரியார் வாலேஸ்தான் காங்கோவுக்கு அனுப்பச் சொன்னார். காங்கோ அப்போது பெல்ஜியத்தின் காலனி. அந்த ஆட்சியின் பெருமை பிள்ளைகள் மனத்தில் பதிய வேண்டும் என்பது அவருடைய கணக்கு. ஹெர்ஜே அந்த மண்ணை மிதித்ததே இல்லை. வகுப்பறைக் காட்சியில், உங்கள் தாய்நாடான பெல்ஜியத்தைப் பற்றிச் சொல்கிறேன் என்று கறுப்பினக் குழந்தைகளுக்கு டின்டின் பாடம் எடுக்கிறான்! 1946 வண்ணப் பதிப்பில் ஹெர்ஜே அதைக் கணக்குப் பாடமாக மாற்றிவிட்டார். குற்றமில்லாததை ஏன் மாற்ற வேண்டும்? தடித்த உதடுகளோடு வரைந்த உருவங்களை மட்டும் அப்படியே விட்டுவிட்டார்.

காலத்தின் மேல் பழி போடுகிறீர்கள். அதே ஹெர்ஜே, அதே இணைப்பிதழில், 1934-இல் டின்டினின் சீனப் பயணக் கதையான ‘நீலத் தாமரை’யைத் தொடங்கினார். இடையில் நான்கே ஆண்டுகள். டின்டின் சீனாவுக்குப் போகப்போகிறான் என்று அறிந்ததும், சீன மாணவர்களுடன் பழகிய ஒரு பாதிரியார், அவர்களைப் புண்படுத்திவிடாதீர்கள் என்று ஹெர்ஜேக்குக் கடிதம் எழுதினார். பிரஸ்ஸல்ஸில் சிற்பம் படித்துக்கொண்டிருந்த ஜாங் சோங்ரென் என்ற சீன மாணவர் ஹெர்ஜேக்கு அறிமுகமானார். இருவரும் உட்கார்ந்து பேசிப் பேசி உருவாக்கிய கதை அது. தெருப் பலகைகளில் உள்ள சீன எழுத்துகள் ஜாங் எழுதியவை. அவற்றில் ஜப்பானிய ஆக்கிரமிப்பை எதிர்க்கும் முழக்கங்களும் உண்டு. வடகிழக்குச் சீனாவின் முக்டென் நகருக்கு அருகே 1931-இல் ரயில் பாதையைத் தாங்களே தகர்த்துவிட்டுப் பழியைச் சீனர்மேல் போட்டு மஞ்சூரியாவுக்குள் ஜப்பானியர் நுழைந்த கதையும் அதில் வருகிறது. வெள்ளத்திலிருந்து டின்டின் காப்பாற்றும் சிறுவன் சாங், வெள்ளையர் எல்லோரும் கெட்டவர்கள் என்றல்லவா நினைத்தேன் என்கிறான். சீனர்களைப் பற்றி ஐரோப்பியர் நம்பும் அபத்தங்களை டின்டின் அவனுக்கு அடுக்குகிறான். இருவரும் விழுந்து விழுந்து சிரிக்கிறார்கள். ஜப்பானியரை மட்டும் அதிலும் துருத்திய பற்களோடு வரைந்திருக்கிறார் ஹெர்ஜே. அவர்கள் தரப்பிலிருந்து அவர் பக்கத்தில் உட்கார்ந்து பேச ஒரு ஜாங் இல்லை.

‘சிறுவர் கதைதானே’ என்பது உங்கள் கருத்து. ஜப்பானியத் தூதரகம் அப்படி நினைக்கவில்லை. இந்தத் தொடரை எதிர்த்து முறையிட்டது. திபெத்தில் சாங்கைத் தேடி டின்டின் அலையும் கதைக்காக 2006-இல் தலாய் லாமா ஹெர்ஜே அறக்கட்டளைக்கு விருது கொடுத்தார். நல்ல தாக்கத்தைக் கொண்டாடிவிட்டு, கெட்ட தாக்கத்தைப் பேசும்போது மட்டும் ‘வெறும் படக்கதை’ என்பது நியாயமில்லை.

தடை கேட்பவன் அல்ல நான். காங்கோ கதைக்கு எதிரான வழக்கை 2012-இல் பிரஸ்ஸல்ஸ் நீதிமன்றமும் தள்ளுபடி செய்தது. உங்கள் வீட்டில் அந்தப் புத்தகம் இருந்தால், ‘நீலத் தாமரை’யையும் வாங்கி, இரண்டையும் சேர்த்தே பிள்ளைகளிடம் கொடுங்கள்.