மறுபக்கத்து நாற்காலி

அன்புள்ள ஐயா,

‘வாட்ச்மென்’ கிராஃபிக் நாவலை மூன்றாவது முறையாக வாசித்து முடித்தேன். அதில் மைக்கறை முகமூடி மாட்டிக்கொண்டு குற்றவாளிகளை வேட்டையாடும் ரோர்ஷாக்கை மறக்க முடியவில்லை. அவனுக்கு என்ன மனநோய்? அல்லது நோய் அவனைச் சுற்றியிருக்கும் உலகத்துக்கா? எதிலும் சமரசம் செய்யாத அவனைப் போல வாழ்ந்தால் என்ன என்று தோன்றுகிறது. எனக்கு வயது 23.

ம., கோவை

அன்புள்ள ம.,

உங்கள் கடிதம் வந்த அன்று அதே புத்தகத்தின் ஆறாவது அத்தியாயத்தைத்தான் புரட்டிக்கொண்டிருந்தேன். அதனால்தான் இந்தப் பதில்.

என்ன நோய் என்பதை விடுங்கள். காகிதத்தில் வரைந்த ஆளுக்கு மருந்துச்சீட்டு எழுதுவது என் வேலை இல்லை.

ஆனால் அவனைப் போல வாழ்வதா? தம்பி, நண்பன் வீட்டுப் பூட்டை உடைத்து உள்ளே போய், டப்பா பீன்ஸைச் சூடுகூடப் பண்ணாமல் தின்பவன் அவன். துப்புக் கிடைக்க மதுக்கடையில் எவன் விரலையாவது ஒடிப்பவன். அதையும் சேர்த்துத்தானே வாழவேண்டும்? கதையை எழுதிய ஆலன் மூர் அவனை ஓர் எச்சரிக்கையாகத்தான் படைத்தார். மூன்று முறை வாசித்தும் முகமூடிதான் கண்ணில் பட்டது என்றால், நாலாவது முறை வாசிப்பதும் வீண்.

அந்த அத்தியாயத்தில் இரண்டு நாற்காலிகள். ஒன்றில் கைதி கோவாக்ஸ், அதாவது உங்கள் ரோர்ஷாக். எதிரே மனநல மருத்துவர் மால்கம் லாங். உங்கள் கடிதத்தில் அவர் பெயரே இல்லை. யார் கடிதத்திலும் இருப்பதில்லை.

ஹெர்மன் ரோர்ஷாக் என்ற ஸ்விஸ் மருத்துவர் 1921இல் வெளியிட்ட மைக்கறைச் சோதனையில் மொத்தம் பத்து அட்டைகள். அடுத்த வருடமே, 37 வயதில், அவர் இறந்துபோனார். அந்தச் சோதனையைத்தான் லாங் நடத்துகிறார், ஒரு கறை அட்டையைக் காட்டி. ‘என்ன தெரிகிறது?’ ‘அழகான பட்டாம்பூச்சி’ என்கிறான் கோவாக்ஸ். அவன் கண்டதோ தலை பிளந்த நாய். லாங் திருப்தியாகக் குறித்துக்கொள்கிறார். இவனைக் குணப்படுத்திப் பெயர் வாங்கலாம் என்ற ஆசை வேறு. அப்புறம் ஒருநாள் கோவாக்ஸ் உண்மையைச் சொல்கிறான்: 1975, கடத்திக் கொல்லப்பட்ட சிறுமி, அவளைத் தின்ற நாய்கள். அவன் சொல்லி முடித்துவிடுகிறான். கேட்டவர் அதை வீட்டுக்குச் சுமந்துபோகிறார். விருந்துக்கு வந்தவர்களிடம் அந்தக் கதையைச் சொல்லிவிடுகிறார். அவர்கள் எழுந்து போகிறார்கள், மனைவியும் போகிறாள். கடைசிப் பக்கத்தில் அவரே மைக்கறையைப் பார்த்தபடி உட்கார்ந்திருக்கிறார். ஓவியர் டேவ் கிப்பன்ஸ் கட்டத்துக்குக் கட்டம் கறையை நெருங்கிக்கொண்டே போய், கடைசிக் கட்டத்தை வெறும் கறுப்பாக விட்டுவிடுகிறார்.

எனக்கு ஒரு அத்தை இருந்தாள். தெருவில் யார் வீட்டில் அடிதடி என்றாலும் அந்தப் பெண் எங்கள் கொல்லைப்புறத்துக்கு வந்து அத்தையிடம்தான் அழுவாள். அத்தை ஒரு யோசனையும் சொல்லமாட்டாள், ‘ம்’ கொட்டுவாள். வந்தவள் முகம் கழுவிக்கொண்டு போனதும், ஏற்கெனவே துலக்கிக் கவிழ்த்த பாத்திரங்களை எல்லாம் எடுத்துப் போட்டு மறுபடி துலக்குவாள். சாம்பலும் நாருமாக, விரல் சிவக்கும்வரை. நாங்கள் பிள்ளைகள் அதைப் பார்த்துச் சிரிப்போம். ‘அத்தைக்கு இன்னிக்கு யாரோ கதை சொல்லியிருக்காங்க.’ அவள் போய்ப் பல வருடம் கழித்து, அந்தக் கறுப்புக் கட்டத்தைப் பார்த்தபோதுதான் எனக்குப் பாத்திரச் சத்தம் கேட்டது.

லாங்கின் கதை அதோடு முடியவில்லை. பதினொன்றாம் அத்தியாயத்தில் நியூயார்க் தெருமுனை ஒன்றில் மனைவி அவரைத் தேடி வருகிறாள், சேர்ந்து வாழலாம் என்று. அந்த நேரம் பார்த்துப் பக்கத்தில் இரண்டு பெண்கள் அடித்துக்கொள்கிறார்கள். அதில் தலையிட்டால் நம் உறவு அவ்வளவுதான் என்கிறாள் மனைவி. அவர் மன்னிப்புக் கேட்டுவிட்டு விலக்கிவிடப் போகிறார். நகரம் அழிய இன்னும் சில நிமிடங்கள்தான் மிச்சம். அது அவருக்குத் தெரியாது.

இத்தனைக்கும் கோவாக்ஸ் சொன்ன எல்லாவற்றையும் கேட்டவர் அவர். ஏன் போனார்? இதை யோசித்து எழுதுங்கள். ரோர்ஷாக்கைப் பற்றி அப்புறம் பேசலாம்.