டல்லாஸ் – ஒரு கடிதமும் பதிலும்

அன்புள்ள ஆசிரியருக்கு,

டென்னிஸ் ஆட்டக்காரர் கென் ரோஸ்வால் பற்றிய உங்கள் குறிப்பில், விம்பிள்டன் கிடைக்காத அவருக்கு டல்லாஸ், அதாவது அமெரிக்காவின் டல்லாஸ் நகரில் நடந்த டபிள்யூசிடி சுற்றின் இறுதிப் போட்டி, கிடைத்தது என்று எழுதியிருந்தீர்கள். இரண்டையும் ஒரே தராசில் வைக்கலாமா? எண்ணெய்ப் பணக்காரர் ஒருவர் காசைக் கொட்டி நடத்திய காட்சி ஆட்டம் என்றுதான் எனக்குப் படுகிறது. 1989-உடன் நின்றும் போய்விட்டது. காசு தீர்ந்ததும் கடையை மூடிவிட்டார்களா? நம் ஊர்க்காரர்கள் யாராவது அந்தச் சுற்றில் ஆடினார்களா?

ஒரு வாசகர், திருச்சி

அன்புள்ள நண்பருக்கு,

தாராளமாக வைக்கலாம். 1972-ஐ மட்டும் எடுத்துக்கொண்டால் டல்லாஸ் தட்டுதான் தாழும்.

அந்த வருஷம் டல்லாஸ் போட்டியை நடத்திய டபிள்யூசிடி (வேர்ல்ட் சாம்பியன்ஷிப் டென்னிஸ்) அமைப்போடு ஒப்பந்தம் செய்திருந்த ஆட்டக்காரர்களுக்கு சர்வதேச டென்னிஸ் சம்மேளனம் தடை போட்டிருந்தது. 1970, 71 இரண்டு வருஷமும் விம்பிள்டனை வென்ற நியூகோம்பே அங்கே ஆட முடியவில்லை. லேவர், ரோஸ்வால், ஆஷ் யாரும் இல்லை. ஸ்டான் ஸ்மித் ஜெயித்தார். அவர் பெரிய ஆட்டக்காரர், அவர் வெற்றியில் குறை சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் உலகின் தலைசிறந்தவர்கள் மோதிக்கொண்ட இடம் எது என்று கேட்டால், அதற்கு இரண்டு மாதம் முன்னால் மே 14 அன்று டல்லாஸில் நடந்த ஆட்டத்தைத்தான் சொல்ல வேண்டும். பரிசைப் பாருங்கள்: விம்பிள்டனில் ஸ்மித்துக்குக் கிடைத்தது 5,000 பவுண்டு. டல்லாஸில் ரோஸ்வாலுக்கு 50,000 டாலர்.

காசு லாமர் ஹன்ட்டுடையது என்பது சரி. எண்ணெய்க் குடும்பம் என்பதும் சரி. ஆனால் காட்சி ஆட்டம் என்பதை என்னால் ஏற்கவே முடியாது. காட்சி ஆட்டத்துக்குப் பெரிய பெயர்களைக் கூப்பிட்டு ஆடவைத்தால் போதும். டல்லாஸுக்கு யாரையும் அப்படிக் கூப்பிடவில்லை. 1971-ல் 32 பேர், 20 போட்டிகள், ஒவ்வொன்றிலும் புள்ளிகள். கடைசியில் முதல் எட்டு இடங்களில் இருப்பவர்களுக்கு மட்டும் இறுதிக் கட்டம். கணினித் தரவரிசை வந்ததே 1973 ஆகஸ்டில்தான். அதற்கு முன்பே, வருஷம் முழுக்க ஆடிச் சம்பாதித்தால்தான் உள்ளே வரலாம் என்று வைத்தவர்கள் இவர்கள்.

சரி, அந்த 1972 இறுதியாட்டம். சதர்ன் மெதடிஸ்ட் பல்கலைக்கழகத்தின் மூடி கொலிசியம், அடிப்படையில் ஒரு கூடைப்பந்து அரங்கம். தரைமேல் கார்பெட் விரித்து ஆடினார்கள். அதில் பந்து எழும்பாமல் வழுக்கிக்கொண்டு வரும். ரோஸ்வாலுக்கு வயது 37, எதிரே ஆடிய லேவருக்கு 33. 4-6, 6-0, 6-3, 6-7 என்று போய், ஐந்தாவது செட்டும் 6-6. மூன்றரை மணி நேரம் தாண்டிவிட்டது. விம்பிள்டனில் அப்போது கடைசி செட்டுக்கு டைபிரேக்கரே (சமநிலையில் நிற்கும் செட்டை ஏழு புள்ளிக்கு ஆடி முடிக்கும் முறை) கிடையாது, இங்கே உண்டு. அதில் லேவர் 5-4 என்று முன்னால் இருக்கிறார், அடுத்த இரண்டு சர்வும் அவருடையது. இரண்டையும் ஜெயித்தால் பட்டம். இரண்டையும் ரோஸ்வாலின் பேக்ஹேண்டுக்கே போட்டார். இரண்டும் தொடமுடியாத இடத்துக்குத் திரும்பி வந்தன. 6-5. அப்புறம் ரோஸ்வால் சர்வ் போட்டார், லேவரால் பந்தைத் திருப்ப முடியவில்லை. அவ்வளவுதான். இரண்டு முறை கிராண்ட்ஸ்லாம் (ஒரே வருஷத்தில் நான்கு பெரிய போட்டிகளையும் வெல்வது) முடித்த லேவர் 1971, 72 இரண்டு இறுதியாட்டத்திலும் ரோஸ்வாலிடமே தோற்றார். டல்லாஸ் அவருக்குக் கடைசிவரை கிடைக்கவில்லை. என்பிசி நேரலையை அமெரிக்காவில் இரண்டு கோடிப் பேருக்கு மேல் பார்த்ததாகக் கணக்கு. டென்னிஸ் தொலைக்காட்சியில் விலைபோகும் என்று அந்த நாட்டு நிலையங்கள் நம்பியதில் இந்த ஆட்டத்துக்குப் பெரிய பங்கு உண்டு.

காசு தீர்ந்து மூடினார்களா என்றால், நான் பார்த்தவரை நிர்வாகச் சண்டைதான் காரணம். 1970-லிருந்தே எதிர்ப்பக்கம் கிராண்ட் பிரீ சுற்று ஓடிக்கொண்டிருந்தது, அதன் முடிவில் மாஸ்டர்ஸ் என்ற இறுதிப் போட்டி. 1978-ல் இரண்டும் சேர்ந்தன, 1982-ல் பிரிந்தன, வழக்குப் போட்டுக்கொண்டன, மறுபடி சேர்ந்தன. ஆட்டக்காரர்களுக்கு அலுத்துவிட்டது. 1988 யுஎஸ் ஓபனின்போது, அரங்கத்துக்கு வெளியே கார் நிறுத்துமிடத்தில் பத்திரிகையாளர்களைக் கூட்டி, இனி எங்கள் சுற்றை நாங்களே நடத்துகிறோம் என்று அவர்கள் சங்கமான ஏடிபி அறிவித்தது. 1990-ல் அந்தச் சுற்று தொடங்கியது. அதற்கு ஒரே ஒரு ஆண்டிறுதிப் போட்டி போதும். மாஸ்டர்ஸ் பெயரும் ஊரும் மாறி ஃபிராங்க்ஃபர்ட் போனது. டல்லாஸுக்கு இடமில்லை.

எனக்கு ஆறாத வருத்தம் ஒன்று இதில் உண்டு. இன்றைய ஏடிபி ஃபைனல்ஸ் தன் வரலாற்றை 1970 மாஸ்டர்ஸிலிருந்து எண்ணுகிறது. அந்தப் பட்டியலில் மெக்கன்ரோவுக்கு மூன்று பட்டம். டல்லாஸில் அவர் வென்றது ஐந்து: 1979, 81, 83, 84, அப்புறம் கடைசி வருஷமான 1989. போர்க், கானர்ஸ், லெண்டில், பெக்கர் எல்லாரும் வென்ற போட்டி அது. வாரிசு இல்லாமல் போனதால் அதன் பட்டங்கள் அந்த ஆண்டிறுதிப் பட்டியலில் சேருவதில்லை. உங்களுக்கு அது பணக்காரர் விளையாட்டாகத் தெரிந்ததற்கும் இந்தப் பட்டியல்தான் காரணமாக இருக்கும்.

நம் ஊர்க்காரர்களைக் கேட்டீர்கள். சென்னையின் விஜய் அமிர்தராஜ் அந்தச் சுற்றில் ஆடியவர். 1976-ல் மெம்ஃபிஸ் போட்டியின் இறுதியில் ஸ்டான் ஸ்மித்தையே தோற்கடித்தார். 1977-ல் டிக் ஸ்டாக்டனுடன் சேர்ந்து, கான்சஸ் சிட்டியில் நடந்த டபிள்யூசிடி உலக இரட்டையர் பட்டத்தையும் வென்றார். அதே வருஷம் டல்லாஸ் ஒற்றையர் இறுதியில் கானர்ஸிடம் தோற்றவரும் இந்த ஸ்டாக்டன்தான்.