கவசம் இல்லாதவர்கள்

அன்புள்ள ஐயா,

கிளாடியேட்டர் படத்தின் இரண்டு பாகங்களையும் ரசித்துப் பார்த்தவன் நான். செல்போனில் பவர் ஸ்லாப் என்ற, மாறி மாறிக் கன்னத்தில் அறையும் போட்டியின் காணொளிகளும் பார்ப்பேன். "இதை ரசிக்கிற நீயும் அந்த ரோமானியக் கூட்டத்தில் ஒருத்தன்தான்" என்கிறாள் அக்கா. அவ்வளவு பெரிய தப்பா?

ச., திருச்சி

அன்புள்ள ச.,

படத்தை விட்டுவிடலாம். அதில் செத்து விழுபவர் எழுந்து முகம் கழுவிக்கொண்டு வீட்டுக்குப் போகிறார். பவர் ஸ்லாப் விஷயத்தில் உங்கள் அக்கா சொல்வது சரி. என்னைக் கேட்டால், கொஞ்சம் குறைத்தே சொல்லியிருக்கிறார்.

ரோமின் கிளாடியேட்டர், அதாவது கூட்டம் பார்க்க அரங்கில் ஆயுதத்தோடு மோதியவர், பெரும்பாலும் அடிமை. கொடுமைதான். ஆனாலும் கையில் கேடயம் இருந்தது, பயிற்சி இருந்தது. அவரைப் பழக்கியவர் பணம் போட்டிருந்ததால், தோற்றும் உயிரோடு திரும்பியவர்கள் நிறைய. தத்துவவாதி செனெகா ஒரு கடிதத்தில் விவரிக்கும் மதிய நேரக் காட்சி இதைவிட மோசம். மரண தண்டனைக் கைதிகளைக் கவசமே இல்லாமல் மோதவிட்டார்கள். ஒவ்வொரு வீச்சும் உடம்பில்தான் விழும். முறையான சண்டையைவிடக் கூட்டத்துக்கு இதுதான் பிடித்ததாம். கவசமும் வித்தையும் சாவைத் தள்ளிப்போடத்தானே செய்கின்றன என்பது அந்தக் கூட்டத்தின் நினைப்பு! இன்னும் கொடியவனாகத் திரும்பினேன் என்று தன்னைப் பற்றியே எழுதுகிறார் செனெகா.

2023 ஜனவரியில் அமெரிக்க டிவிக்கு வந்த பவர் ஸ்லாப், இந்த மதியக் காட்சிக்குத்தான் நெருக்கம். குத்துச்சண்டையில் குனியலாம், விலகலாம், தடுக்கலாம். பாதி வித்தையே அதுதான். இங்கே கையைப் பின்னால் வைத்துக்கொண்டு கன்னத்தைக் கொடுத்து நிற்க வேண்டும். தோளை உயர்த்தித் தடுத்தாலோ முகத்தை விலக்கினாலோ ஃபவுல். சரிந்தால் பிடிக்க, பின்னால் ஆள் தயாராக நிற்கிறார். நினைவு தப்பி விழுவதுதான் காட்சியே. 2021-இல் போலந்தில் நடந்த வேறொரு அறைப் போட்டியில் அடிவாங்கியவர் சில வாரங்களில் இறந்துபோனார். அதற்கு அடுத்த ஆண்டுதான் அமெரிக்காவின் நெவாடா மாநில விளையாட்டு ஆணையம் இந்த அறைப் போட்டியை விளையாட்டாக ஏற்றுக்கொண்டது.

சம்மதித்துத்தானே வருகிறார்கள் என்று கேட்பீர்கள். ரோமிலும் பணத்துக்காகத் தாமாக ஒப்பந்தம் போட்டு அரங்குக்கு வந்த சுதந்திர மனிதர்கள் இருந்தார்கள். அந்தச் சம்மதம் போட்டியாளருக்கும் நடத்துபவருக்கும் இடையில் உள்ளது. ஒருவர் நினைவிழந்து சரிவதை ஸ்லோமோஷனில் திரும்பத் திரும்பப் பார்க்கும் நமக்கு அது நியாயம் ஆகாது.

குத்துச்சண்டை மீதும் எனக்குக் கேள்விகள் உண்டு. அதை அப்புறம் எழுதுகிறேன். இந்தக் காணொளிகளை மட்டும் இன்றோடு நிறுத்துங்கள். நீங்கள் பார்ப்பதும் எண்ணிக்கையில் சேர்கிறது. அந்த எண்ணிக்கையைக் காட்டித்தான் அடுத்த போட்டியை விற்கிறார்கள்.

அன்புடன்