ஸ்டீம் லாஞ்சரும் அதன் லைப்ரரி கோப்புகளும்: கேள்வி பதில்

லினக்ஸில் ஸ்டீம் (விளையாட்டுகளை வாங்கவும் ஓட்டவும் உதவும் லாஞ்சர்) திறக்காமல் போவது, விளையாட்டு தொடங்கிய உடனே மூடிக்கொள்வது பற்றித்தான் கேள்விகள் அதிகம். ஸ்டீம் தன்னோடு கொண்டுவரும் லைப்ரரிகள் (புரோகிராம்கள் பகிர்ந்து பயன்படுத்தும் கோப்புகள்) ஒரு பக்கம், உங்கள் சிஸ்டத்தின் லைப்ரரிகள் மறு பக்கம். பிழைச் செய்தி எந்தப் பக்கத்துக் கோப்பைச் சொல்கிறது என்று முதலில் பாருங்கள்.

கே: 32 பிட் லிப்ஜிஎல் (கிராபிக்ஸுக்கான லைப்ரரி) இல்லை என்கிறது ஸ்டீம். என்னுடையது 64 பிட் கணினி, கிராபிக்ஸ் டிரைவரும் இருக்கிறது. பிறகு ஏன்?

ப: இருப்பது 64 பிட் டிரைவர் மட்டும். 32 பிட் புரோகிராம் அதை ஏற்றவே முடியாது. மற்ற லைப்ரரிகளில் பெரும்பாலானவற்றை ஸ்டீமின் ரன்டைம் (அது தன்னோடு கொண்டுவரும் லைப்ரரித் தொகுப்பு) கொடுத்துவிடும். கிராபிக்ஸ் டிரைவர் உங்கள் கார்டோடும், லினக்ஸின் மையப் பகுதியான கர்னலோடும் பொருந்த வேண்டியது என்பதால் அதை உங்கள் சிஸ்டம்தான் தர வேண்டும்.

டெபியன், உபுண்டு வகை லினக்ஸில் முதலில் 'டிபிகேஜி --ஆட்-ஆர்க்கிடெக்சர் ஐ386', அடுத்து 'ஆப்ட் அப்டேட்', அதன்பின் மெசா என்ற கிராபிக்ஸ் டிரைவரின் ஐ386, அதாவது 32 பிட், பேக்கேஜ். வல்கன் என்ற கிராபிக்ஸ் முறையில் ஓடும் விளையாட்டுகளுக்கு மெசா வல்கன் டிரைவரின் ஐ386 பேக்கேஜும் வேண்டும். அதை மறப்பவர்கள்தான் அதிகம். ஆர்ச் லினக்ஸில், பேக்கேஜ்களை நிறுவும் பேக்மேனின் கான்ஃபிக் கோப்பில் மல்டிலிப் தலைப்பு, அதன் கீழ்வரி இரண்டிலும் # குறியை நீக்கி, சிஸ்டத்தை முழுதாக அப்டேட் செய்து, லிப்32-மெசாவை நிறுவுங்கள்.

என்விடியா என்றால் 64 பிட் லைப்ரரி, 32 பிட் லைப்ரரி, கர்னல் மாட்யூல் (கர்னலுக்குள் ஏறும் டிரைவர் பகுதி) மூன்றும் ஒரே பதிப்பு எண்ணில் இருக்க வேண்டும். டிரைவரை அப்டேட் செய்துவிட்டு ரீஸ்டார்ட் செய்யாவிட்டால் பழைய மாட்யூல் நினைவகத்திலேயே இருக்கும். டிஸ்கில் இருப்பதோ புதிய லைப்ரரி. நேற்று ஓடிய விளையாட்டு இன்று ஓடவில்லை என்றால் முதலில் ரீஸ்டார்ட் செய்து பாருங்கள்.

கே: கோப்பு கண்ணெதிரே இருக்கிறது. ஆனாலும் 'அப்படி ஒரு கோப்பு இல்லை' என்கிறது டெர்மினல்.

ப: இல்லாதது அந்தக் கோப்பு அல்ல, அதை ஏற்றிவைக்கும் லோடர். 32 பிட் புரோகிராமுக்கு 32 பிட் லோடர் வேண்டும். அது லினக்ஸின் அடிப்படை லைப்ரரியான ஜிலிப்சியின் 32 பிட் பேக்கேஜில் வரும். 'ஃபைல்' கட்டளை கொடுத்தால் அது எத்தனை பிட் என்று தெரிந்துவிடும். பிறகு, தேவையான லைப்ரரிகளைப் பட்டியலிடும் 'எல்டிடி' கொடுத்து 'நாட் ஃபவுண்ட்' என்று வரும் வரிகளை மட்டும் பாருங்கள். நம்பகமில்லாத இடத்திலிருந்து வந்த கோப்பின் மேல் எல்டிடியை ஓட்டாதீர்கள். சில சமயம் அது அந்தப் புரோகிராமையே இயக்கிவிடக்கூடும்.

கே: ஓவர்லே (விளையாட்டின் மேல் ஸ்டீம் காட்டும் திரை) லைப்ரரியின் இஎல்எஃப் வகை, அதாவது 32 பிட்டா 64 பிட்டா என்பது, தவறு என்று பத்து வரி வருகிறது.

ப: விட்டுவிடுங்கள். ஸ்டீம் 32, 64 இரண்டு ஓவர்லேக்களையும் முன்கூட்டியே நீட்டுகிறது; ஒவ்வொரு புரோகிராமும் தனக்குப் பொருந்துவதை எடுத்துக்கொண்டு மற்றதைத் தள்ளுகிறது. உண்மையான பிழை அந்த வரிகளுக்கு அடியில் இருக்கும்.

கே: ஸ்டீம் ஃபோல்டரில் உள்ள லிப்எஸ்டிடிசி++ (சி++ புரோகிராம்களுக்கான லைப்ரரி) கோப்பை அழித்தால் சரியாகும் என்கிறார்கள். செய்யலாமா?

ப: வேண்டாம். ஒரு காலத்தில் அதற்குக் காரணம் இருந்தது. ஸ்டீமின் முதல் ரன்டைமான ஸ்கவுட், உபுண்டு 12.04ஐ அடிப்படையாகக் கொண்டது. அதன் பழைய லிப்எஸ்டிடிசி++ முதலில் ஏறிவிட, உங்கள் புதிய மெசா டிரைவர் தேடும் 'ஜிலிப்சிஎக்ஸ்எக்ஸ் 3.4' என்ற பதிப்புக் குறி வரிசையின் பிந்தைய எண் அதில் இருக்காது. டிரைவர் ஏறாது, ஸ்டீமும் திறக்காது. இப்போது ரன்டைமே இரு பக்கத்தையும் ஒப்பிட்டுப் புதியதை எடுத்துக்கொள்கிறது. இந்த லைப்ரரி 2004 முதல் அதே 6 என்ற எண்ணோடு பின்னோக்கிப் பொருந்துவதால், புதியதைப் பழைய விளையாட்டுக்குக் கொடுப்பதில் சிக்கல் இல்லை.

நீங்கள் அழித்தாலும் அடுத்த அப்டேட்டில் அது திரும்பி வந்துவிடும். சந்தேகம் இருந்தால் ஸ்டீமை மூடிவிட்டு டெர்மினலில் 'ஸ்டீம் --ரீசெட்' கொடுங்கள். லாஞ்சரின் கோப்புகள் மட்டும் புதிதாக இறங்கும், நிறுவிய விளையாட்டுகள் அப்படியே இருக்கும்.

கே: விளையாட்டு ஓபன்எஸ்எஸ்எல் (பாதுகாப்பான இணைய இணைப்புக்கான லைப்ரரி) 1.1 கேட்கிறது. 3ஆம் பதிப்புக்கு அந்தப் பெயரில் ஒரு சிம்லிங்க் (வேறு கோப்பைச் சுட்டும் பெயர்) போட்டால்?

ப: ஓடாது. பெயருக்குப் பின்னால் உள்ள எண் அலங்காரம் அல்ல. உள்ளே இருக்கும் செயற்கூறுகள் மாறிவிட்டன என்ற அறிவிப்பு அது. பெயரை ஏமாற்றினால் 'இந்தப் பதிப்பு இல்லை' என்று அடுத்த படியில் நிற்கும். விளையாட்டின் பண்புகளில் கம்பேட்டிபிலிட்டி பகுதிக்குப் போய் ஸ்டீம் லினக்ஸ் ரன்டைமைத் தேர்ந்தெடுத்துப் பாருங்கள். அந்த ரன்டைமின் பதிப்புகளில் சோல்ஜர் டெபியன் 10ஐயும், ஸ்னைப்பர் டெபியன் 11ஐயும் அடிப்படையாகக் கொண்டவை. விளையாட்டு சிஸ்டத்திலிருந்து பிரிக்கப்பட்ட தனி கன்டெய்னருக்குள் ஓடும், டிரைவர் மட்டும் வெளியிலிருந்து உள்ளே போகும். இரு பக்க லைப்ரரிகளும் கலப்பதைத் தடுக்க நான் முதலில் சொல்லும் வழி இதுதான்.

கே: ஸ்டீமை ஃபிளாட்பேக்காக (சிஸ்டத்திலிருந்து தனித்து ஓடும் பேக்கேஜாக) நிறுவியிருந்தால்?

ப: என்விடியா டிரைவர் மாறியதும் 'ஃபிளாட்பேக் அப்டேட்' கொடுங்கள். அதன் ஜிஎல், ஜிஎல்32 எக்ஸ்டென்ஷன்கள் (64, 32 பிட் டிரைவர் லைப்ரரிகள்) அதே பதிப்புக்கு வர வேண்டும்.

கே: என்னுடையது விண்டோஸ். காணாமல்போன டிஎல்எல் (விண்டோஸின் லைப்ரரிக் கோப்பு) ஒன்றை ஏதோ தளத்தில் எடுத்துப் போட்டேன். இப்போது 0எக்ஸ்சி000007பி என்ற பிழை வருகிறது.

ப: 32 பிட்டும் 64 பிட்டும் கலந்தால் அடிக்கடி வரும் எண் இது. போட்ட கோப்பை உடனே எடுங்கள். அது எங்கிருந்து வந்தது என்று யாருக்கும் தெரியாது. 64 பிட் விண்டோஸில் பெயர் குழப்பம் வேறு: சிஸ்டம்32 ஃபோல்டரில் இருப்பது 64 பிட், சிஸ்வாவ்64இல் இருப்பது 32 பிட். ஸ்டீமின் காமன் ஃபோல்டருக்குள் ஸ்டீம்வொர்க்ஸ் ஷேர்டு என்று ஒன்று இருக்கும். அதற்குள் காமன்ரெடிஸ்ட் ஃபோல்டரில் விஷுவல் சி++ நிறுவிகள் ஆண்டுவாரியாக உள்ளன. விளையாட்டு கேட்கும் ஆண்டின் எக்ஸ்86 (32 பிட்), எக்ஸ்64 (64 பிட்) இரண்டையும் ஓட்டுங்கள். 64 பிட் விண்டோஸ் என்பதற்காக எக்ஸ்86ஐ விட்டுவிட்டால் 32 பிட் விளையாட்டுகள் மறுபடி இதே இடத்தில் நிற்கும்.