மூணு வட்டிக்கு முன் எல்.பி.சி.யைக் கேளுங்கள்

கேள்வி: தொண்டியில் இளநிலை உதவியாளராக இருந்தேன். பிப்ரவரி கடைசியில் மண்டபத்துக்கு மாறுதல். பழைய அலுவலகம் எஸ்.ஆர். (பணிப்பதிவேடு) அனுப்பாததால் மூன்று மாதமாகச் சம்பளம் (கைக்கு 38,000) வரவில்லை. சிக்கன நாணயச் சங்கக் கடன் பாக்கியை அடைத்தால்தான் அனுப்புவார்களாம். வீட்டுச் செலவுக்கு 80,000, மீன்பிடித் தடைக்காலத்தில் விசைப்படகைக் கரையேற்றி வேலை பார்க்கக் கொழுந்தனார் கேட்ட 70,000, ஆக ஒன்றரை லட்சம் மூணு வட்டிக்கு வாங்கிவிட்டேன். அவர் இன்னும் 50,000 கேட்கிறார். செல்போன் செயலியில் கடன் எடுக்கலாமா?
– வாசகி, மண்டபம்

பதில்: எடுக்காதீர்கள். ஐந்து நிமிடத்தில் பணம் தருகிறவன் ஐந்து நாளில் போனில் குடைவான். அதைவிட, வர வேண்டிய சம்பளத்தை எழுத்தில் கேட்காமல் மாதாமாதம் கடன் வாங்கி ஓட்டுகிறீர்களே, உங்களைக் கவிழ்ப்பது அந்தப் பழக்கம்தான்.

ஒன்றரை லட்சத்துக்கு மூணு வட்டி என்றால் மாதம் 4,500. நிற்கும் சம்பளம் 1,14,000. நாளைக்கே மொத்தமும் வந்து அசலில் கட்டினாலும் 36,000 பாக்கி நிற்கும். கழுத்தில் கையில் நகை இருந்தால் வங்கியில் வைத்து இந்தக் கடனை அடையுங்கள். ஆண்டுக்கு 10 சதவீதம் என்று வைத்தாலும் மாதம் 1,250தான். கொழுந்தனாருக்கு இனி ஒரு ரூபாயும் உங்கள் பெயரில் வேண்டாம். வாங்கிய 70,000க்கான மாத வட்டி 2,100ஐ அவரே கட்டட்டும். ஜூன் 14 நள்ளிரவோடு தடை முடிகிறது, படகு கடலுக்குப் போனதும் அசலைக் கேளுங்கள்.

இனி சம்பளம். நீங்கள் இரண்டு காகிதங்களை ஒன்றாகக் குழப்பிக்கொண்டிருக்கிறீர்கள். சம்பளத்துக்கு முதலில் வேண்டியது எல்.பி.சி. என்கிற முன் ஊதியச் சான்று, அதாவது பழைய அலுவலகத்தில் கடைசியாக வாங்கிய சம்பளத்தையும் பிடித்தங்களையும் காட்டும் காகிதம். அதோடு ஐ.எஃப்.எச்.ஆர்.எம்.எஸ். என்கிற அரசுச் சம்பள இணையதளத்தில் தொண்டி உங்களை விடுவித்து, மண்டபம் சேர்த்துக்கொண்டிருக்க வேண்டும். அப்போதுதான் புதிய அலுவலக பில்லில் பெயர் ஏறும். எஸ்.ஆர். இல்லாமல் நிற்பது இன்க்ரிமெண்ட், விடுப்புக் கணக்கு, பின்னாளில் ஓய்வூதியப் பலன். உங்கள் இன்க்ரிமெண்ட் ஏப்ரல் 1 என்றால் அதுவும் இப்போது தொங்கிக்கொண்டிருக்கும்.

சங்கக் கடன் சாக்கு செல்லாது. பாக்கித் தொகை, மாதத் தவணை, பண்டிகை முன்பணம் எல்லாவற்றையும் எல்.பி.சி.யில் எழுதி அனுப்புவதுதான் முறை. புதிய அலுவலகம் பிடித்தம் செய்து சங்கத்துக்கு அனுப்பும்.

எல்.பி.சி.க்கு ஒன்று, எஸ்.ஆருக்கு ஒன்று என்று இரண்டு தனி மனு எழுதுங்கள். ஒரே மனுவில் இரண்டையும் கேட்டால் எளிதான ஒன்றைச் செய்துவிட்டு ஃபைலை மூடிவிடுவார்கள். விடுவிப்பு ஆணை, பணியில் சேர்ந்த அறிக்கை நகல்களை இணைத்து, இப்போதைய அலுவலர் வழியாக அனுப்புங்கள். மாவட்ட அலுவலருக்கும் ஒரு நகல். அனுப்பிய எண்ணையும் தேதியையும் தபால் பதிவேட்டிலிருந்து குறித்துக்கொள்ளுங்கள். போனில் எத்தனை முறை கேட்டாலும் அது கணக்கில் வராது. பதினைந்து நாளில் அசைவில்லை என்றால் தொண்டி அலுவலரின் பெயருக்கே நேர்முகக் கடிதம் (டி.ஓ.) எழுதும்படி உங்கள் அலுவலரிடம் சொல்லுங்கள்.

அதற்கும் மசியாவிட்டால் தகவல் உரிமைச் சட்டம் 2005. பத்து ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டி, உங்கள் எஸ்.ஆரின் சான்றிட்ட நகலையும், அது அனுப்பப்பட்டிருந்தால் அனுப்பிய எண், தேதியையும் கேளுங்கள். “ஏன் அனுப்பவில்லை” என்று கேட்காதீர்கள், அதற்கு மழுப்பலாகத்தான் பதில் வரும். 30 நாளில் பதில் இல்லை என்றால் முதல் மேல்முறையீடு.

அசல் எஸ்.ஆரை உங்கள் கையில் தரமாட்டார்கள். அது பதிவுத் தபாலிலோ ஊழியர் மூலமோ அலுவலகத்துக்கு அலுவலகம் போக வேண்டியது. வந்ததும் பார்க்கக் கேளுங்கள், அது உங்கள் உரிமை. விடுவிப்புத் தேதி வரை பணி சரிபார்ப்புப் பதிவு, ஈட்டிய விடுப்பு இருப்பு, துறைத் தேர்வுத் தேர்ச்சி, சி.பி.எஸ். (பங்களிப்பு ஓய்வூதியத் திட்டம்) எண் ஆகியவைதான் அதிகம் விட்டுப்போகும். விட்டுப்போனதைத் தொண்டியில் உங்களைத் தெரிந்த ஆட்கள் இருக்கும்போதே எழுதி வாங்குங்கள். பிறகு அட்டை முதல் அட்டை வரை நகல் எடுத்து வீட்டில் வையுங்கள்.